அமெரிக்கக் கட்டுரைகளை எங்கே தொடங்கி எப்படிப் படிப்பது: ஒரு முழுமையான வழிகாட்டி

அமெரிக்கக் கட்டுரைகளைப் படிக்க ஆசைப்படுகிறவர்கள் வழக்கமாக ஒன்று, தடித்த தொகுப்பு ஒன்றை வாங்குகிறார்கள். இல்லாவிட்டால் 19ஆம் நூற்றாண்டுக் கட்டுரையாளர் எமர்சனின் ‘செல்ஃப் ரிலையன்ஸ்’ஸைக் கையில் எடுக்கிறார்கள். இரண்டுமே சரியான வாசல் இல்லை என்பது என் கருத்து. தொகுப்பில் முப்பது பேர் முப்பது திசையில் பேசுவார்கள். யார் யாருக்குப் பதில் சொல்கிறார் என்றே பிடிபடாது. ‘செல்ஃப் ரிலையன்ஸ்’ கட்டுரையையோ காலை வணக்கப் படங்களில் பிய்த்துப் பிய்த்துப் போட்டுவிட்டார்கள். இப்போது முழுசாகப் படித்தாலும் பொன்மொழித் திரட்டு போலவே காதில் விழுகிறது.

இங்கே வேறு வழியில் போகலாம். அமெரிக்காவில் முக்கியமான கட்டுரைகள் பலவும் முதலில் மேடையில் பேசப்பட்டவை. அப்புறம் பத்திரிகைக்கு வந்து, கடைசியில்தான் புத்தகமாயின. அதோடு, அவற்றில் சிறந்தவை முன்னால் யாரோ சொன்ன ஒன்றோடு மல்லுக்கட்டுகின்றன. ஆகவே காதால் தொடங்குவோம். பிறகு அந்த வாக்குவாதத்தைப் பின்தொடர்வோம்.

ஆங்கில நாளிதழின் தலையங்கத்தைத் தடுமாறாமல் படிக்கும் அளவுக்கு ஆங்கிலம் போதும். ஒரு நோட்டும் பென்சிலும் வேண்டும். எமர்சன், தோரோ, டு பாய்ஸ் ஆகியோரின் எழுத்தில் இங்கே பேசப்போகிறவை எல்லாம் பதிப்புரிமைக் காலம் கடந்தவை. ப்ராஜெக்ட் குட்டன்பர்க் தளத்தில் இலவசமாகவே கிடைக்கும். பால்ட்வினை மட்டும் காசு கொடுத்து வாங்க வேண்டும், அல்லது நூலகத்தில் தேட வேண்டும்.

படி 1: ஒரு சொற்பொழிவை வாய்விட்டுப் படியுங்கள்

1837 ஆகஸ்ட் 31. மாசசூசெட்ஸ் மாநிலத்தின் கேம்பிரிட்ஜில், ஹார்வர்டின் ஃபை பீட்டா காப்பா என்ற கல்விச் சங்கத்தில் ஆண்டு உரை. பேச வந்தவர் 34 வயது ரால்ஃப் வால்டோ எமர்சன். பாஸ்டன் தேவாலயம் ஒன்றில் பார்த்துக்கொண்டிருந்த பாதிரியார் வேலையை 1832லேயே உதறியவர். அது நாடே பணமுடையில் திண்டாடிய ஆண்டு. அந்த மே மாதத்தில் வங்கிகள் தங்கள் தாள்களுக்கு நாணயம் தர முடியாது என்று கைவிரித்திருந்தன. படித்து முடித்து வெளியே வரும் இளைஞர்களுக்கு எதிரே என்ன இருக்கிறது என்று தெரியாத நேரம். அந்த ஆண்டு ஹார்வர்டில் பட்டம் வாங்கியவர்களில் ஹென்றி டேவிட் தோரோவும் ஒருவர்.

இன்று ‘தி அமெரிக்கன் ஸ்காலர்’ என்று அறியப்படும் இந்த உரையைத்தான் முதலில் எடுக்கச் சொல்கிறேன். ஒரே உட்காரலில், வாய்விட்டு, பேசும் வேகத்தில் படியுங்கள். ஒரு மணி நேரம் போல ஆகும். மௌனமாகப் படித்தால் எமர்சன் தூக்கம் வரவழைப்பார். சத்தமாகப் படித்தால், மூச்சு எங்கே நிற்கிறது, கூட்டம் எங்கே நிமிர்ந்து உட்கார்ந்திருக்கும் என்பதெல்லாம் தெரியவரும்.

படிக்கும்போது ஓரத்தில் ஆறு இடங்களைக் குறியுங்கள். முதலில் ஒரு கதை: மனிதன் என்ற ஒரே உயிரைத் தேவர்கள் பல மனிதர்களாகப் பிரித்தார்களாம், கை விரல்களாகப் பிரிந்தது போல. அடுத்து அறிஞனுக்கு மூன்று ஆசான்கள்: இயற்கை, கடந்த காலம், செயல். அதன்பின் அறிஞனின் கடமைகள், காலத்தைப் பற்றிய நம்பிக்கை. அவ்வளவுதான் எலும்புக்கூடு.

இரண்டாவது ஆசானிடம் மட்டும் நின்று நிதானியுங்கள். கடந்த காலம் என்று எமர்சன் சொல்வது முக்கியமாகப் புத்தகங்களைத்தான். புத்தகப் பிரியர்கள் நிறைந்த அவையில் நின்றுகொண்டு, புத்தகத்தைப் பற்றியே எச்சரிக்கிறார். நூலகங்களில் வளரும் சாதுவான பையன்கள் சிசரோ சொன்னதையும் லாக் சொன்னதையும் பேக்கன் சொன்னதையும் ஏற்பது தம் கடமை என்று நினைக்கிறார்கள். அந்தப் புத்தகங்களை எழுதியபோது அவர்களும் நூலகத்தில் உட்கார்ந்திருந்த இளைஞர்கள்தான் என்பதை மறந்துவிடுகிறார்கள் என்கிறார். வாசிப்பே ஒரு படைப்பாக முடியும் என்பதும் இதே பகுதியில் வருகிறது.

முடிவை நெருங்கும்போது, ஐரோப்பிய அரசவைக் கலைமகள்களின் பாட்டை நாம் போதும் போதும் என்கிற அளவுக்குக் கேட்டாயிற்று, இனி நம் காலில் நடப்போம், நம் மனத்தில் பட்டதைப் பேசுவோம் என்று குரலை உயர்த்துகிறார். இந்த உரையை அமெரிக்காவின் அறிவுலகச் சுதந்திரப் பிரகடனம் என்று பின்னாளில் சொன்னவர் மூத்த ஆலிவர் வெண்டெல் ஹோம்ஸ். எல்லாரும் மேற்கோள் காட்டும் வரி அது. ஆனால் நீங்கள் பென்சிலை எடுத்து, உரையில் வரும் ஐரோப்பியப் பெயர்களுக்கு அடிக்கோடு போட்டுப் பாருங்கள். கதே, வேர்ட்ஸ்வொர்த், கார்லைல், ஸ்வீடன்போர்க் என்று பட்டியல் நீளும். ஐரோப்பாவைக் கேட்டது போதும் என்று சொல்கிற பேச்சு ஐரோப்பாவில் ஊறிக் கிடக்கிறது. இதைக் குற்றமாகச் சொல்லவில்லை. படி 5இல் இந்த முடிச்சுக்குத்தான் திரும்பப் போகிறோம்.

இன்னொன்றையும் குறித்துக்கொள்ளுங்கள். உரை கனவான்களை விளித்துத் தொடங்குகிறது. ஹார்வர்ட் அன்று பெண்களை மாணவர்களாகச் சேர்க்காது. எமர்சனின் நண்பரான மார்கரெட் ஃபுல்லர், அவரளவுக்குப் படித்தவர், 1839 முதல் பாஸ்டனில் பெண்களுக்கென்று கட்டண உரையாடல் வகுப்புகள் நடத்தினார்; 1840இல் ‘தி டயல்’ இதழ் தொடங்கியபோது அதன் முதல் ஆசிரியரும் அவர்தான். கல்லூரிக்கு வெளியே அறிவு வாழ்க்கை எப்படி நடந்தது என்று தெரிந்துகொள்ள எமர்சனைவிட ஃபுல்லரே நல்ல சாட்சி.

படி 2: வாக்கியங்கள் ஏன் தாவுகின்றன என்று பாருங்கள்

எமர்சனைப் படிக்கிற எவருக்கும் வருகிற எரிச்சல் ஒன்று உண்டு. ஒரு வாக்கியம் பிரமாதமாக இருக்கும், அடுத்ததும் அப்படித்தான். இரண்டுக்கும் என்ன தொடர்பு என்றுதான் விளங்காது. உங்கள் ஆங்கிலத்தில் குறையில்லை. அவர் வேலை செய்த முறையே அப்படி.

கல்லூரி நாட்களிலிருந்து அவர் நாட்குறிப்பு எழுதினார். அதைத் தன் சேமிப்பு வங்கி என்று சொல்லிக்கொண்டார். தோன்றியது, படித்தது, நடைப்பயணத்தில் பார்த்தது எல்லாம் அதில் போகும். பொருள்வாரியாக அகரவரிசை போட்டு வைத்திருந்தார். சொற்பொழிவுக்கு அழைப்பு வந்தால் அந்தத் தலைப்பில் இருப்பதையெல்லாம் திரட்டுவார். பல ஊர்களில் பேசிப் பேசிச் செதுக்கியது கடைசியில் அச்சுக்குப் போகும். ஒரே பத்தியின் இரண்டு வாக்கியங்களுக்கு இடையே சில ஆண்டுகள் கூட இருக்கலாம். தன் வாக்கியங்கள் ஒன்றையொன்று தள்ளிவிடும் துகள்கள் என்று அவரே 1838இல் கார்லைலுக்கு எழுதிய கடிதத்தில் ஒப்புக்கொள்கிறார்.

இந்தச் சொற்பொழிவுச் சந்தைக்கு லைசியம் என்று பெயர். 1826இல் ஜோசையா ஹோல்புரூக் மாசசூசெட்ஸின் மில்பரியில் தொடங்கிவைத்த இயக்கம் அது. ஊர்க்காரர்கள் சந்தா கட்டி, குளிர்கால மாலைகளில் யாரையாவது அழைத்துப் பேசச் சொல்வார்கள். எமர்சன் வாழ்நாளில் சுமார் 1,500 முறை பேசியிருக்கிறார். பட்டிமன்றத்துக்கும் இலக்கியக் கூட்டத்துக்கும் போய்ப் பழகிய நமக்கு இந்த உலகம் அந்நியமாகத் தோன்றாது.

படிக்கும்போது செய்ய வேண்டியது இதுதான்: ஒரு பத்தியில் உங்களை நிறுத்துகிற ஒரு வாக்கியத்தை மட்டும் எடுத்து எழுதுங்கள். அதற்கு முன்வாக்கியத்தோடு பாலம் போட முயலாதீர்கள்.

படி 3: ஒரு இரவுச் சிறை

அடுத்து தோரோ. ‘சிவில் டிஸ்ஒபீடியன்ஸ்’ என்று உலகம் அறிந்த கட்டுரை, 1848 ஜனவரியில் மாசசூசெட்ஸின் கான்கார்ட் ஊர் லைசியத்தில் உரையாகத் தொடங்கியது. 1849இல் ‘ரெசிஸ்டன்ஸ் டு சிவில் கவர்ன்மெண்ட்’ என்ற தலைப்பில் அச்சேறியது. இன்றைய தலைப்பு அவர் இறந்து நான்கு ஆண்டுகள் கழித்து, 1866இல் வந்தது.

அடிமை முறையைக் காக்கும், மெக்சிகோ மீது போர் தொடுக்கும் அரசுக்குத் தலைவரி கட்ட மாட்டேன் என்று ஆறு ஆண்டுகளாகக் கட்டவில்லை. 1846 ஜூலையில், தைக்கக் கொடுத்த செருப்பை வாங்கச் சக்கிலியர் கடைக்குப் போகும் வழியில் பிடித்து உள்ளே போட்டார்கள். யாரோ வரியைக் கட்டிவிட, மறுநாள் வெளியே விட்டுவிட்டார்கள். பெரும்பாலோர் அவருடைய அத்தையைக் கைகாட்டுகிறார்கள்.

கட்டுரையின் முக்கால் பங்கு வாதம். நடுவில் திடீரென்று வாதம் நின்று, காட்சி தொடங்குகிறது. அந்த இடத்தைக் கண்டுபிடித்துக் கோடு போடுங்கள். இரண்டு மூன்று அடி கனமுள்ள கல் சுவர், ஓரடி கனக் கதவு. கொட்டகையைக் கொளுத்தியதாகக் குற்றம் சாட்டப்பட்ட ஒரு சிறைத்தோழர். காலையில் கதவுத் துவாரம் வழியாகத் தகரத் தட்டில் சாக்லேட் பானமும் பழுப்பு ரொட்டியும் இரும்புக் கரண்டியும் வருகின்றன. தட்டைத் திருப்பிக் கேட்டபோது மிச்ச ரொட்டியைப் புதுக் கைதியான தோரோ அப்பாவியாகத் திருப்பிக் கொடுக்கப் போகிறார். தோழர் பாய்ந்து அதைப் பிடுங்கி, மதியத்துக்கோ ராத்திரிக்கோ வைத்துக்கொள்ள வேண்டும் என்று சொல்லித் தருகிறார். விடுதலையானதும் தோரோ செருப்பை வாங்கிப் போட்டுக்கொண்டு, ஹக்கிள்பெரிப் பழம் பறிக்கப் போகும் கூட்டத்தோடு சேர்ந்து மலைக்குப் போய்விடுகிறார். அங்கே அரசு என்பதே கண்ணில் படவில்லை என்கிறார்.

அந்த ரொட்டியை எடுத்துவிட்டுக் கட்டுரையைக் கற்பனை செய்து பாருங்கள். வாதம் குறையாது, ஆனால் வாதம் செய்கிற ஆள் காணாமல் போய்விடுவார்.

இங்கே நம் பக்கத்தில் அடிக்கடி சொல்லப்படும் ஒன்றைத் திருத்தியாக வேண்டும். காந்தி இந்தக் கட்டுரையைப் படித்துத்தான் சத்தியாக்கிரகத்தைக் கண்டுபிடித்தார் என்பார்கள். அவரே 1935இல் எழுதிய கடிதத்தில் அதை மறுத்திருக்கிறார். தோரோவின் கட்டுரை கைக்கு வருவதற்கு முன்பே தென்னாப்பிரிக்காவில் எதிர்ப்பு முன்னேறியிருந்தது என்பது அவர் வாக்குமூலம். படித்தார், மதித்தார், தன் ‘இந்தியன் ஒப்பீனியன்’ இதழில் பகுதிகளை வெளியிட்டார். அந்த அளவோடு நிறுத்திக்கொள்வதே நேர்மை.

படி 4: கவித்துவமான வரிக்கு அருகில் கணக்கைத் தேடுங்கள்

குளக்கரைக் குடிலில் வாழ்ந்ததைப் பற்றித் தோரோ எழுதி 1854இல் வெளியான ‘வால்டன்’ நூலை முதலிலிருந்து கடைசிவரை ஒரே மூச்சில் படிக்க வேண்டியதில்லை. முதல் அத்தியாயத்தில் குடில் கட்டிய செலவுப் பட்டியலைப் பாருங்கள். மொத்தம் 28 டாலர் 12½ சென்ட். சுண்ணாம்புக்கு எதிரே, விலை அதிகம் என்று ஒரு குறிப்பு. சாந்தில் கலக்கும் மயிருக்கு எதிரே, தேவைக்கு மேல் வாங்கிவிட்டேன் என்று இன்னொன்று. கணக்குப் புத்தகத்தில் ஒரு மனிதர் முணுமுணுக்கிறார்.

அப்புறம் குளிர்காலக் குளத்தைப் பற்றிய அத்தியாயத்துக்குத் தாவுங்கள். தமிழ் வாசகருக்கு அங்கே தனியாக ஒரு ஆச்சரியம் காத்திருக்கிறது. 1846-47 குளிர்காலத்தில் நூறு அயர்லாந்துத் தொழிலாளர்கள் தினமும் வந்து வால்டன் குளத்துப் பனியை வெட்டி அடுக்கினார்கள். பாஸ்டன் வணிகர் ஃப்ரெடெரிக் டூடர் புகழ்பெறவைத்த வியாபாரம் அது. பனிக்கட்டி கப்பலேறி இந்தியாவுக்கு வந்தது. சென்னையில் அதை இறக்கிவைக்கக் கட்டிய கிடங்குதான் மெரினா கடற்கரைச் சாலையில் நிற்கும் ஐஸ் ஹவுஸ், இன்றைய விவேகானந்தர் இல்லம். மெட்ராஸிலும் பம்பாயிலும் கல்கத்தாவிலும் வெயிலில் வேகும் மக்கள் என் கிணற்றில் தண்ணீர் குடிக்கிறார்கள் என்று எழுதுகிறார் தோரோ. காலையில் தான் பகவத் கீதை படிப்பதையும் சேர்த்துச் சொல்லி, வால்டனின் நீர் கங்கையின் நீரோடு கலக்கிறது என்று முடிக்கிறார்.

புல்லரிக்கிற இடம்தான். ஆனால் அதே அத்தியாயத்தில் கொஞ்சம் முன்னால் போய்ப் பாருங்கள். பத்தாயிரம் டன் என்று மதிப்பிடப்பட்ட அந்தப் பனிக் குவியலில் ஒரு பகுதியைத்தான் எடுத்துப் போனார்கள். மீதி, மேலே போட்ட போர்வை அகன்று வெயிலில் கிடந்து, 1848 செப்டம்பர் வரை உருகிக்கொண்டே இருந்தது. பெரும்பங்கைக் குளமே திரும்பப் பெற்றுக்கொண்டது என்று அவரே எழுதிவைத்திருக்கிறார். அதாவது, கங்கையோடு கலந்ததைவிட வால்டனோடு திரும்பக் கலந்த நீர்தான் அதிகம். கட்டுரையாளர் பொய் சொல்லவில்லை. இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துவிட்டு, எதை நினைவில் வைத்துக்கொள்வது என்பதை நம்மிடம் விட்டுவிடுகிறார். நல்ல கட்டுரைகளில் இந்த இரட்டைக் கணக்கு இருக்கும். உயரப் பறக்கும் வரியைக் கண்டால் முன்னும் பின்னும் இரண்டு பக்கம் தேடிப் பாருங்கள்.

படி 5: பதில்களைப் பின்தொடருங்கள்

இப்போது முதல் படியின் முடிச்சு. ஐரோப்பாவைக் கேட்டது போதும் என்று எமர்சனால் சொல்ல முடிந்தது. காரணம், ஐரோப்பா அவர் கைக்குள் இருந்தது. அந்த மேசையில் உட்காரவே விடாத ஒருவர் அதே கேள்விக்கு என்ன சொல்வார்?

டபிள்யூ. இ. பி. டு பாய்ஸ் 1868இல் மாசசூசெட்ஸின் கிரேட் பாரிங்டனில் பிறந்தார். 1895இல் ஹார்வர்டில் முனைவர் பட்டம் வாங்கிய முதல் கறுப்பினத்தவர். 1903இல் வந்த ‘தி சோல்ஸ் ஆஃப் பிளாக் ஃபோக்’ நூலில் 14 அத்தியாயங்கள். முதல் அத்தியாயத்தின் முந்தைய வடிவம் 1897இல் ‘அட்லாண்டிக்’ இதழில் வந்தது. 1857இல் அந்த இதழைத் தொடங்கியவர்களில் எமர்சனும் இருந்தார் என்பதை நினைவில் வையுங்கள்.

முதல் அத்தியாயத்தில் ஒரு பள்ளிக்கூடக் காட்சி. பிள்ளைகள் ஒரு கட்டு பத்து சென்ட் என்று அழகான விசிட்டிங் கார்டுகள் வாங்கி ஒருவருக்கொருவர் மாற்றிக்கொள்கிறார்கள். புதிதாக வந்த உயரமான ஒரு பெண் இவர் நீட்டிய அட்டையை மட்டும் ஒரு பார்வையோடு மறுத்துவிடுகிறாள். தனக்கும் மற்றவர்களுக்கும் நடுவே ஒரு திரை இருப்பது அன்றுதான் தெரிந்தது என்கிறார். நூல் முழுதும் அந்தத் திரை தொங்குகிறது.

ஒவ்வொரு அத்தியாயத்தின் தலையிலும் ஒரு கவிதை, அதன்கீழ் சொற்கள் இல்லாத சில இசைக்குறிகள். அவை என்ன என்று கேட்டுக்கொண்டே படியுங்கள். அவை அடிமைகளின் துயரப் பாடல்கள். கடைசி அத்தியாயம்தான் அவற்றை விரிவாக விளக்குகிறது. ஆறாவது அத்தியாயத்தின் முடிவில் நமக்கு வேண்டிய பதில் இருக்கிறது: நான் ஷேக்ஸ்பியரோடு உட்காருகிறேன், அவர் முகம் சுளிப்பதில்லை. எமர்சன் தள்ளிவைக்கச் சொன்ன அதே அலமாரியை டு பாய்ஸ் திறந்துகொள்கிறார்.

ஐம்பது ஆண்டு கழித்து ஜேம்ஸ் பால்ட்வின். ஹார்லெமில் 1924இல் பிறந்தவர், கல்லூரிப் பக்கமே போகாதவர். ‘ஸ்ட்ரேஞ்சர் இன் தி வில்லேஜ்’ 1953இல் ‘ஹார்பர்ஸ்’ இதழில் வந்தது. 1955இன் ‘நோட்ஸ் ஆஃப் எ நேட்டிவ் சன்’ தொகுப்பில் கிடைக்கும். சுவிட்சர்லாந்து மலைக்கிராமம் ஒன்றில் தங்கி எழுதுகிறார். அங்கே யாரும் அதுவரை கறுப்பினத்தவரைப் பார்த்ததில்லை. பிள்ளைகள் தெருவில் கூவுகிறார்கள். சாப்பாட்டுக் கடைக்காரரின் மனைவி, ஆப்பிரிக்கர்களை மதம் மாற்ற ஊரார் காசு சேர்த்து ஆறு அல்லது எட்டுப் பேரை ‘வாங்கிய’ கதையை அவரிடமே பூரிப்போடு சொல்கிறார்.

இந்த ஊரின் எழுத்தறிவில்லாத ஆளுக்குக்கூட ஷேக்ஸ்பியரும் தாந்தேயும் மைக்கலாஞ்சலோவும் உறவு. எனக்கு அந்த வகையில் உறவில்லை என்கிறார் பால்ட்வின். பிரான்ஸின் ஷார்த்ர் பேராலயம் இவர்களிடம் பேசுவதை என்னிடம் பேசாது. பின்னால் அதையே திருப்புகிறார்: என்னிடம் அது பேசுவதை இவர்களிடமும் பேசாது. இவர்கள் கோபுரத்தையும் வண்ணக் கண்ணாடியையும் பார்க்கிறார்கள். தனக்கு நினைவு வருவது, மத விரோதிகளைத் தள்ளிவிட்ட நிலவறைக் கிணறு.

மூன்றையும் ஒரே வாரத்தில் அடுத்தடுத்துப் படியுங்கள். தள்ளிவைக்கச் சொன்னவர், கூட உட்கார்ந்தவர், வாசலில் நின்று கிணற்றைப் பார்த்தவர். யார் சரி என்று நோட்டில் ஒரு பக்கம் எழுதுங்கள். என் மனம் பால்ட்வின் பக்கம். டு பாய்ஸின் வரி கம்பீரமானது, ஆனால் ஷேக்ஸ்பியரைக் கேட்காமலேயே அவருக்காகப் பதில் சொல்லிவிடுகிறது.

படி 6: இதழ்களின் வரைபடம்

இதற்கு அதிக நேரம் வேண்டாம். ‘ஹார்பர்ஸ்’ 1850, ‘அட்லாண்டிக்’ 1857, ‘நியூ யார்க்கர்’ 1925, ‘பார்ட்டிசன் ரிவ்யூ’ 1934, நாளிதழ் வேலைநிறுத்தத்தின் நடுவே பிறந்த ‘நியூ யார்க் ரிவ்யூ ஆஃப் புக்ஸ்’ 1963. எமர்சனின் உரைத் தலைப்பையே பெயராக வைத்து ஃபை பீட்டா காப்பா 1932இல் ஓர் இதழும் தொடங்கியது. எந்தக் கட்டுரையை எடுத்தாலும் அது முதலில் எதில், எப்போது வந்தது என்று பாருங்கள். சூசன் சாண்டாக்கின் ‘நோட்ஸ் ஆன் கேம்ப்’ 58 எண்ணிட்ட குறிப்புகளாக 1964இல் ‘பார்ட்டிசன் ரிவ்யூ’வில் வந்தது. ஜோன் டிடியனின் ‘ஆன் செல்ஃப் ரெஸ்பெக்ட்’ 1961இல் ‘வோக்’ என்ற ஃபேஷன் இதழில் வந்தது. இரண்டின் தொனியும் ஏன் அப்படி என்பது பாதி புரிந்துவிடும்.

படி 7: ஆய்வுகளை எப்போது தொடுவது

மூலத்தை ஒருமுறையாவது முழுதாகப் படித்த பிறகு. முன்னுரையைக் கடைசியில் படிக்கும் பழக்கம் இங்கே உதவும். வாழ்க்கை வரலாறுகளில் எமர்சனுக்கு ராபர்ட் ரிச்சர்ட்சன் 1995இல் எழுதியதும், தோரோவுக்கு லாரா டாஸோ வால்ஸ் 2017இல் எழுதியதும் நம்பிப் படிக்கலாம். அறிவாளிகள் மீது அமெரிக்காவுக்கு இருக்கும் சந்தேகத்தைப் புரிந்துகொள்ள, ரிச்சர்ட் ஹாஃப்ஸ்டாடர் 1963இல் எழுதிப் புலிட்சர் வாங்கிய நூல் இன்றும் பயன்படும்.

ஆய்வுக் கட்டுரைகளுக்கு ஜேஸ்டோர் தளத்தில் இலவசக் கணக்கு தொடங்கலாம். முதல் இரண்டு பக்கம், கடைசி இரண்டு பக்கம், அடிக்குறிப்புகள். பிடித்திருந்தால் மட்டும் நடுப்பகுதி. அதில் காட்டியுள்ள மேற்கோள் ஒன்றையாவது மூலத்தில் தேடிச் சரிபாருங்கள். எமர்சன் விஷயத்தில் இது ரொம்ப அவசியம். நிறையச் சிரிப்பதும் குழந்தைகளின் பாசத்தைப் பெறுவதுமே வெற்றி என்று அவர் பெயரில் சுற்றிவரும் கவிதை அவருடையதே இல்லை. 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் கான்சஸ் மாநிலத்தின் பெஸ்ஸி ஸ்டான்லி எழுதியதிலிருந்து திரிந்து வந்தது. எமர்சன் இறந்தது 1882இல்.

படி 8: உங்கள் பதிலை எழுதுங்கள்

நோட்டின் கடைசிப் பத்து பக்கங்களை அட்டவணைக்கு ஒதுக்குங்கள். உழைப்பு, சிறை, நூலகம், கடன் என்று உங்களுக்குத் தோன்றும் தலைப்புகளை வைத்து, எந்தப் பக்கத்தில் என்ன இருக்கிறது என்று குறியுங்கள். எமர்சன் செய்தது இதைத்தான். ஒரு தலைப்பின்கீழ் ஏழெட்டு பக்க எண்கள் சேர்ந்ததும் எழுத உட்காரலாம்.

படித்தவற்றில் உங்களுக்கு ஒப்பாத ஒரு வாக்கியத்தைத் தேர்ந்தெடுத்து, அதற்கு இரண்டு பக்கப் பதில், தமிழில். ஓரிடத்திலாவது வாதத்தை நிறுத்திவிட்டு, நீங்கள் கண்ணால் பார்த்த ஒன்றைத் தோரோவின் ரொட்டி அளவுக்குத் துல்லியமாகச் சொல்லுங்கள். முடித்ததும் நண்பர் ஒருவரை உட்காரவைத்து வாசித்துக் காட்டுங்கள். அவர் கைபேசியை எடுக்கும் இடத்தில் ஒரு கோடு போட்டுக்கொள்ளுங்கள். திருத்தத்தை அங்கிருந்து தொடங்கலாம்.